உப்புத் தண்ணீரில் விளைந்த கரும்பைப் பார்க்கப் போனோம்

தாம்பரத்திலிருந்து ஒரே நாளில் போய் வரக்கூடிய இடங்களைப் பற்றித்தான் இங்கே எழுதி வருகிறேன். ஏரி, கோயில், மலை எல்லாம் போயாகிவிட்டது. கரும்பு வயல் பார்க்கப் போவேன் என்று நினைத்ததில்லை. பொங்கலுக்கு முந்தைய சனிக்கிழமை அதுவும் நடந்தது. காரணம் மலர்விழி. கல்லூரி விடுதியில் என் அறைத்தோழி. இப்போது கோவையில் ஒரு கரும்பு இனப்பெருக்க ஆராய்ச்சி நிலையத்தில் விஞ்ஞானி. செம்பாக்கத்தில் எங்கள் வீட்டுக்கு வந்து தங்கியவள், "நாளைக்குக் கேளம்பாக்கம் பக்கம் வயலுக்குப் போறேன். சும்மா கூட வாயேன், ஸ்டெல்லா" என்றாள்.

காலை ஆறரைக்குத் தாம்பரத்தில் பஸ் பிடித்தோம். வண்டலூர், கண்டிகை, மாம்பாக்கம் வழியாகக் கேளம்பாக்கம் சுமார் இருபத்தைந்து கிலோமீட்டர். ஒரு மணி நேரம் ஆனது. சனிக்கிழமை என்பதால் உட்கார இடம் கிடைத்தது. (வார நாட்களில் அந்த ஆசை வேண்டாம்.)

மலர் வழியெல்லாம் கரும்பைப் பற்றியே பேசினாள். கரும்பும் பூக்குமாம். ஒரு ரகத்தின் மகரந்தத்தை இன்னொன்றின் பூவில் தூவி, துணி உறை போட்டு மூடி, தூசு போன்ற விதையை எடுத்து முளைக்க வைப்பார்களாம். ஆயிரக்கணக்கான நாற்றுகளில் தேறுவது ஒன்றிரண்டு. ஒரு ரகம் விவசாயியின் கைக்கு வரப் பத்து வருடத்துக்கு மேல் ஆகும்.

"அப்ப உன் பொண்ணு வயசு ஆயிடுமே!"

"இன்னிக்குப் பாக்கப் போறது அவளுக்கு மூத்தது" என்று சிரித்தாள்.

கேளம்பாக்கத்திலிருந்து ஆட்டோவுக்கு நூற்றைம்பது ரூபாய். "இந்தாண்ட ஏதுமா கரும்பு? எல்லாம் பிளாட்டுதான்" என்று டிரைவர் நம்பாமலேயே ஓட்டிவந்தார். உப்பங்கழிக்குப் பக்கத்தில் ஏழுமலை அண்ணனின் நிலம். ஓ.எம்.ஆர். சாலையின் ஜூஸ் கடைகளுக்குக் கரும்பு போட்டவர். கிணற்றில் உப்பு ஏறிய பிறகு சாறு கரிக்கிறது என்று கடைக்காரர்கள் நிறுத்திவிட்டார்கள். மனை போட விற்றுவிடலாம் என்று அவர் இருந்தபோதுதான், உப்பைத் தாங்கும் என்று எதிர்பார்த்த எட்டு வகைகளை மலரின் குழு அவர் வயலில் சோதனைக்கு நட்டது. முக்கால்வாசி கருகிப்போக, ஐந்தாம் எண் மட்டும் ஆளுயரத்துக்கு மேல் வளர்ந்திருந்தது. அதன் சாற்றைச் சோதிக்கத்தான் இந்தப் பயணம்.

போய் இறங்கினால் பாதி வயல் தரையோடு தரையாகக் கிடந்தது. பக்கத்து மனையைச் சமன் செய்த ஜேசிபி, முந்தின நாள் மாலை வரப்பைத் தாண்டி வந்திருக்கிறது. ஏழுமலை அண்ணனும் அவர் மனைவி தனமும் வரப்பில் நின்றார்கள்.

"இன்னா பண்றது மேடம். காலைல வந்து பாத்தா இப்டி கீது. வுடுங்க, நமக்குக் குடுத்து வெச்சது அவ்ளோதான்."

"சும்மா இருய்யா" என்றார் தனம். "அவங்க எம்மாந்தூரத்துலேந்து வந்துகீறாங்க."

ஜேசிபி டிரைவர் சேகர் ஓடிவந்தார். "யக்கா, சத்தியமா வரப்பே தெரியல. நாணல்னு நெனச்சுகினு வுட்டுட்டேன்."

விழுந்து கிடந்த கரும்புகளுக்கு நடுவே ஈர மண்ணில் மலர் அப்படியே உட்கார்ந்தாள். நானும் அவள் பக்கத்தில் உட்கார்ந்தேன். ஐந்தாம் எண்ணில் நின்றது நான்கே தூர். அதை வைத்து அடுத்த பட்டத்தில் வயல் முழுக்க நட முடியாது. இன்னொரு வருடம் காத்திருக்க ஏழுமலை அண்ணனுக்கு வழியில்லை. பொங்கல் கழித்து முடிவு சொல்கிறேன் என்று புரோக்கரிடம் சொல்லியிருந்தார்.

கொஞ்ச நேரத்தில் மலர் ஒரு கரும்பைக் கையில் எடுத்தாள். கணுவைத் தடவினாள். "முளைக்கிற பரு உயிரோடதான் இருக்கு, அண்ணா. நசுங்காததை எல்லாம் துண்டா வெட்டி, நடுற கரணையாக்கிடலாம்."

சிக்கல், கருகாமல் மிஞ்சிய மற்ற வகைகளோடு அது கலந்து கிடந்ததுதான். எண் அட்டைகள் மண்ணுக்குள் போய்விட்டன. ஆனால் ஒவ்வொரு வகையையும் மூன்று மூன்று இடங்களில் நட்டிருந்தார்கள். ஓரிடம் போனாலும் இன்னோரிடம் சாட்சி சொல்லும் என்றாள். நின்ற தூரிலிருந்து ஒரு கரும்பை வெட்டிவந்து, விழுந்தவற்றை ஒவ்வொன்றாக அதன் பக்கத்தில் வைத்தாள். பருவின் வடிவம், தோகை அடியிலிருந்த சுணை, கணுவின் நிறம் மூன்றும் ஒத்துப்போனால்தான் எங்களிடம் நீட்டினாள். சந்தேகம் வந்தால் ஒதுக்கிவிட்டாள்.

நடுவே, தான் வந்த வேலையையும் அவள் விடவில்லை. சர்க்கரை அளவைக் காட்டும் கையடக்கக் கருவியின் கண்ணாடியில் ஒரு சொட்டுச் சாறு விட்டு, வெளிச்சத்துக்கு நேராகப் பிடித்துப் பார்த்தாள். முகம் மலர்ந்தது. கருவியை ஏழுமலை அண்ணனிடம் நீட்டினாள். அவர் அதை வாங்காமல் கரும்பையே பல்லால் உரித்துக் கடித்தார். மெதுவாக மென்றார். மறுபடி ஒரு கடி.

"தனம், உப்பு இல்ல" என்றார். "துளி கூட இல்ல."

தனம் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டார்.

பிறகு யாரும் நிற்கவில்லை. சேகர் வெட்டக் கத்தி கேட்டு வாங்கினார். நான் கரணைகளைச் சாக்கில் அடுக்கினேன். மதியத்துக்குள் குவிந்ததையெல்லாம் சேகர் தன் ஜேசிபியின் முன் வாளியில் ஏற்றி, தனத்தின் வீட்டு வாசலில் இறக்கினார். அவர் அன்று நழுவிப் போயிருக்கலாம். நின்று உழைத்தார், நன்றி. சோற்றோடு மீன்குழம்பு ஊற்றிக் கட்டாயப்படுத்திச் சாப்பிடவைத்த தனத்துக்கும் நன்றி. தெருவோரத்தில் எத்தனை தம்ளர் கரும்புச் சாறு குடித்திருப்பேன்! அதற்குப் பின்னால் யாராவது பத்து வருடம் காத்திருந்திருப்பார்கள் என்று ஒருநாளும் யோசித்ததில்லை.

போக விரும்புகிறவர்களுக்கு: இப்படிச் சோதனை வயல்களுக்கு முன்கூட்டிக் கேட்காமல் போகாதீர்கள். முழுக்கைச் சட்டை அவசியம். கரும்புத் தோகை கையைக் கீறிவிடும். தண்ணீர் கொண்டுபோங்கள், அங்கே கிணற்று நீர் குடிக்க ஆகாது. திரும்ப ஆட்டோ கிடைப்பது கஷ்டம், வந்த ஆட்டோக்காரரின் எண்ணை வாங்கிவைத்துக்கொள்ளுங்கள்.

போன ஞாயிறு சர்ச் முடிந்ததும் மறுபடி போய் வந்தேன். தனத்தின் வாசலில் மண் பரப்பி ஊன்றியிருந்த கரணைகளில் முழுக்கப் பச்சை முளை. மலருக்கு வீடியோ அழைப்பில் காட்டினேன். "இன்னும் கிட்ட, இன்னும் கிட்ட" என்றாள். அந்த நேரம் பார்த்து ஏழுமலை அண்ணனின் போன் அடித்தது. நிலத்து புரோக்கர்.

"இல்லப்பா, மனைக்குக் குடுக்கல" என்றார் அவர், வாசலைப் பார்த்தபடி. "கரும்பு நடப்போறேன்."