சம்பந்தியின் தொழில்

ஒனிஹங்காவில் நான் வாடகைக்குத் தங்கியிருக்கும் பரிமளம் அக்கா வீட்டுக்கு ஒரு ஜப்பானியர் வந்திருக்கிறார். அக்காவின் மகன் விரும்பும் பெண்ணின் அப்பா. சம்பந்தப் பேச்சு. அவருடைய ஆங்கிலத்தை அக்காவுக்குத் தமிழில் சொல்ல நான்.

“தம்பி, என்ன வேலையெண்டு கேளுங்கோ.”

வயது வந்தோர் படங்களுக்குக் கதை வசனம் எழுதுகிறாராம். கட்டில் காட்சி குறையாமல் இருந்தால் போதும், மற்றதெல்லாம் அவர் இஷ்டமாம். எனக்குக் கேட்க ஆயிரம் இருக்கிறது. ஆனால் அக்காவிடம் இதை எப்படிச் சொல்வது? சொல்லிவிடுகிறேன்.

வடைத் தட்டு அக்கா கையிலேயே நிற்கிறது.

“இவற்ற மனுசி அதுகளை வாசிக்கிறவவோ?”

மனைவிதான் முதலில் படிப்பாராம். ‘எந்தப் பெண் இப்படிப் பேசுவாள்?’ என்று பாதி வசனத்தை அடித்துவிடுவாராம். இவரும் மாற்றி எழுதுவாராம்.

அக்கா வாயைப் பொத்திக்கொண்டு சிரிக்கிறார்.

“மனுசி சொல்லுக் கேக்கிற ஆள். வடையை எடுக்கச் சொல்லுங்கோ, தம்பி. நாள் பாப்பம்.”