விட்ட இடத்தில் நிற்கிறவன்

எங்கள் வீட்டில் ஒரு சட்டம் இருக்கிறது. கேம் விளையாடி முடிந்தால், அதற்குள் இருக்கிறவனை மழையில் விட்டுவிட்டு டிவியை நிப்பாட்டக் கூடாது. கூரைக்குக் கீழே கூட்டிவந்து, கட்டிலில் படுக்க வைத்துவிட்டுத்தான் நிப்பாட்ட வேண்டும். சட்டம் போட்டவர் என் அம்மா. எழுபத்தைந்து தாண்டிய மனுசி. கேம் என்றால் என்னவென்றே போன வருசம் வரைக்கும் அவருக்குத் தெரியாது.

கேம் விளையாடுகிற கருவி என் கணவருடையது. கட்டாரில் வேலை. லீவில் வரும்போது பெட்டிக்குள் பால்மா டின்னுக்கும் போர்வைக்கும் நடுவில் வைத்துக் கொண்டுவந்தார். இரண்டு கைக்குள் அடங்குகிற கறுப்புச் சாமான். நடுவில் திரை, இரண்டு பக்கமும் பொத்தான்கள். திரும்பிப் போகும்போது, "கேம்ப்பில வச்சாக் களவு போயிரும், நீ வச்சிரு" என்று தந்துவிட்டுப் போனார். வைத்திருக்கத்தான் சொன்னார், விளையாடச் சொல்லவில்லை. எங்களுக்குப் பிள்ளைகள் இல்லை. கந்தோரால் வேலை முடிந்து வந்து தேத்தண்ணி குடித்த பிறகு இருட்டும் வரைக்கும் நான் என்னதான் செய்வது? நாற்பது தாண்டிய பொம்பிளை பொத்தான் அமத்தி விளையாடுகிறாள் என்று கந்தோரில் தெரிந்தால் மானம் கப்பலேறிவிடும் என்பதால் வெளியில் மூச்சு விடவில்லை.

அம்மாவுக்குக் கண்ணில் ஒப்பரேஷன் செய்தது. சின்னப் படம் எதுவும் தெரியாது.

"என்னகா எந்த நேரமும் அந்தத் தீப்பெட்டிக்குள்ள பாக்கிறாய்? எனக்கும் ஒள்ளுப்பம் காட்டன்."

கருவியைச் செருகி வைக்கிற ஒரு தட்டும் வயரும் கூடவே வந்திருந்தன. முன் அறை டிவியில் மாட்டினேன். பெரிய திரையில் ஒரு ஆறும் காடும் மரப்பாலமும் வந்தன. அம்மா கதிரையை முன்னால் இழுத்துப் போட்டார்.

"நம்மட வாவி மாதிரி இரிக்கு."

நம்மட வாவியில் பனிமலை எங்கே இருக்கிறது என்று கேட்டேன். அது அங்கால கிடக்கட்டும் என்றார்.

அந்தக் கேமைப் புதிதாகத் தொடங்கும்போது, உள்ளே நடமாடப் போகிற ஆளை நாமே செய்துகொள்ள வேண்டும். ஆயத்தமாக உள்ள முகங்களில் ஒன்றை நான் எடுக்கப் போனேன். அம்மா கையைப் பிடித்தார்.

"நில்லு. மூக்க மாத்தலாமா?"

"மாத்தலாம்."

"காது?"

"எல்லாம் மாத்தலாம் அம்மா."

அம்மா என் கையை விட்டார். பிறகு சொன்னார்: "அப்ப அண்ணனச் செய்."

சண்டைக் காலத்தில் என் அண்ணனைப் பிடித்துக் கொண்டுபோன அன்றைக்கு அவனுக்குக் காய்ச்சல். வயது பத்தொன்பது. இதே முன் அறையில், சுவரோடு கிடக்கிற இதே கட்டிலில்தான் படுத்திருந்தான். பின்னேரம் வந்தவர்கள் அவனை எழுப்பினார்கள். விசாரித்துவிட்டு விட்டுவிடுவோம் என்றார்கள். செருப்புப் போட விடவில்லை. அதற்குப் பிறகு அவனைக் கண்டவர்கள் யாரும் இல்லை. அம்மா ஏறி இறங்காத கந்தோர் இல்லை, இருக்காத வாசல் இல்லை. கட்டில் அப்படியே இருக்கிறது. சனிக்கிழமைகளில் விரிப்பை மாற்றுவார். நான் அந்தக் கட்டிலைத் தொடுவதில்லை.

அவன் செத்துவிட்டான் என்று எனக்குத் தெரியும். அவன் உயிரோடு இருக்கிறான் என்று அம்மாவுக்குத் தெரியும். ஒரே வீட்டில், ஒரே பானையில் சோறு தின்றுகொண்டு, இரண்டு பேரும் இந்த இரண்டையும் வைத்துக்கொண்டு இருக்கிறோம்.

நாங்கள் வேதக்காரர். நவம்பர் இரண்டாம் திகதி, மரித்தோர் நாளில், சேமக்காலைக்குப் போய் எங்கள் ஆட்களின் கல்லறைகளில் மெழுகுதிரி கொளுத்துவோம். கல்லறை இல்லாதவர்களுக்கு நடுவில் ஒரு பெரிய சிலுவை இருக்கிறது. கடலில் போனவர்கள், வேறெங்கோ புதைபட்டவர்கள், எல்லாருக்கும் அதன் அடியில் கொளுத்துவார்கள். அம்மா அந்தச் சிலுவைப் பக்கம் கிறுகியும் பார்க்க மாட்டார், என்னையும் போக விடமாட்டார். உயிரோடு இருக்கிறவனுக்கு அங்கே மெழுகுதிரி வைத்தால் அவனைச் சாகச் சொன்ன மாதிரி என்பார். எனக்கு வேண்டியது ஒரே ஒரு மெழுகுதிரி. அண்ணனுக்காக முறையாக ஒருதரம் அழுது முடிக்க வேண்டும். ஒரு தங்கச்சிக்கு அதற்குக்கூட இடமில்லையா என்று எனக்கு ஒவ்வொரு நவம்பரும் பற்றிக்கொண்டு வரும்.

அப்படிப்பட்ட வீட்டில்தான் டிவியில் அவன் முகத்தைச் செய்ய உட்கார்ந்தோம். அவனுடைய படம் ஒன்று இருக்கிறது. அதைப் பார்த்துச் செய்வோமா என்றேன். "அது கந்தோர்ல அவங்களுக்குக் காட்டுற படம், அவன்ட முகம் இல்ல" என்ற அம்மா அதை எடுக்க எழும்பக்கூட இல்லை. என் நாடியைப் பிடித்து முகத்தை ஜன்னல் வெளிச்சத்துக்குத் திருப்பினார். "மூக்கு உன்ட மூக்குத்தான். இன்னும் ஒள்ளுப்பம் அகலம். அங்க இல்ல, கீழ." என் முகத்தையும் டிவியையும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டு, தையல்காரியிடம் சட்டைக்கு அளவு சொல்கிறவர் மாதிரிச் சொல்லிக்கொண்டிருந்தார். காதுக்கு மட்டும் ஒரு பின்னேரம் போனது.

வயதில்தான் சண்டை வந்தது. நான் இளமையாக வைத்தேன். அம்மா கூட்டச் சொன்னார்.

"அவன் இப்ப உன்ன விட மூத்தவன்தான? தலையில நரை போடு. கண்ணுக்குக் கீழ சுருக்கம் போடு."

எனக்குக் கோபம் வந்தது. என் அண்ணனுக்குப் பத்தொன்பது வயது. அவன் சட்டையில் வியர்வையும் சவர்க்காரமும் மணக்கும். அவனுக்கு ஏன் நரைக்க வேண்டும்? செத்தவர்களுக்கு வயது போவதில்லை. அதைத்தான் அம்மா ஒத்துக்கொள்ள மாட்டார் என்பது எனக்கு விளங்கியது, நான் எதை ஒத்துக்கொள்ளச் சொல்கிறேன் என்பது அவருக்கும் விளங்கியது. நான் நரை போட்டேன். திரையில் நான் ஒருநாளும் காணாத ஒரு மனிசன் என் மூக்கோடு நின்றுகொண்டிருந்தான்.

கடைசியில் பெயர் கேட்டது. பெயர் இல்லாமல் கேம் தொடங்காது. அம்மா அவனுடைய பெயரைப் போட விடவில்லை. எத்தனையோ இடத்தில் எழுதிக் கொடுத்த பெயர் அது, எழுதிய இடத்திலெல்லாம் இல்லை என்றார்கள், இனி எழுத வேண்டாம் என்றார். பிறகு, "நான் கூப்பிடுறதப் போடு" என்றார். மகனே என்பது எங்கள் பக்கத்தில் தேய்ந்து மனே ஆகிக் கிடக்கிறது. ஆங்கில எழுத்து நாலைத் தேடித் தேடி அமத்தினேன். அன்றிலிருந்து அந்த ஊரில் சந்திக்கிறவர்கள் எல்லாரும் அவனை மனே என்றுதான் கூப்பிட்டார்கள். திரையில் வருகிற எழுத்தை நான் தமிழில் வாசித்துச் சொல்வேன். மனே, இந்த விறகை வெட்டித் தா. மனே, மீன் கிடைத்ததா? அம்மா ஒவ்வொன்றுக்கும் தலையாட்டுவார்.

ஆற்றங்கரையில் அவனுக்கு ஒரு குடிசையும் கட்டிலும் இருந்தன. அவன் மீன் பிடித்தான், கிழங்கு நட்டான். பாலத்தைத் தாண்டினால்தான் அந்தக் கேமின் கதையே தொடங்கும். ஆனால் பாலத்தில் ஆயுதத்தோடு ஆட்கள் நின்றார்கள். அவன் அந்தப் பக்கம் நாலு அடி வைத்தாலே அம்மா கதிரையில் நிமிர்ந்து, "கிறுகு, கிறுகு! வீட்டுக்குக் கொண்டு வா" என்பார். உலகம் முழுக்கப் புலியையும் பூதத்தையும் வெட்டி விளையாடுகிற கேமில் நான் மாதக்கணக்காகக் கிழங்கு தோண்டினேன்.

ஒருநாள் அம்மா கேட்டார்: "நீ கந்தோருக்குப் போனாப் பொறகு அவன் என்ன செய்வான்?"

"ஒண்டும் செய்யமாட்டான். விட்ட இடத்தில நிப்பான்."

"மழை பெய்தா?"

அன்றைக்குத்தான் அந்தச் சட்டம் வந்தது. கட்டிலில் படுக்க வைத்தால், அதுவரைக்கும் நடந்ததைக் கேம் ஞாபகத்தில் வைத்துக்கொள்ளும். எனக்கும் வசதிதான். ஒவ்வொரு நாளும் படுக்க வைத்தேன். "படு மனே" என்று அம்மா சொன்ன பிறகு நிப்பாட்டினேன்.

ஒரு பின்னேரம் இடி இடித்துக் கரண்ட் போனது. அவன் ஆற்றில் இடுப்பளவு தண்ணீரில் நின்றபடியே டிவி கறுத்துவிட்டது. அம்மா கத்திய கத்து எனக்கு இன்னும் காதில் இருக்கிறது. அண்ணனைக் கொண்டுபோன அன்றைக்குக் கத்தியது அது. நடுவில் இத்தனை வருசம் நான் கேட்கவில்லை. நான் ஓடிப்போய்த் தட்டிலிருந்து கருவியைக் கழற்றினேன். அதற்குள் பற்றறி இருக்கிறது. இருட்டில் என் கைக்குள் சின்னத் திரை வெளித்தது. அவன் அதே தண்ணீரில், தூண்டிலோடு, நின்றுகொண்டிருந்தான். "இரிக்கான் அம்மா, பாருங்க, இரிக்கான்" என்றேன். அம்மாவின் கண்ணுக்கு அவ்வளவு சின்னது தெரியாது. என் சொல்லை நம்பினார். நானும் அவனைத் தேடித்தான் ஓடியிருந்தேன்.

போன நவம்பர் முதலாம் திகதி, பின்னேரம், அடக்கி வைத்தது வாயில் வந்துவிட்டது. நாளைக்கு அந்தச் சிலுவையடியில் அண்ணனுக்கு மெழுகுதிரி கொளுத்தப் போகிறேன், என்ன நடந்தாலும் கொளுத்துவேன் என்றேன். அம்மா அழவில்லை, ஏசவில்லை. டிவியைப் போடச் சொன்னார்.

"பாலத்தால கொண்டு போ."

"அம்மா, அங்க ஆக்கள் நிக்காங்க."

"கொண்டு போ. தாண்டினானெண்டா நீ அந்தச் சிலுவையப் பத்திக் கதைக்கப்படாது. தாண்டல்லயெண்டா உன்ட விருப்பம். நான் ஒண்டும் சொல்லமாட்டன்."

நான் அவன் தோற்க வேண்டும் என்று விளையாடியிருக்கலாம். பொத்தானை விட்டுவிட்டுச் சும்மா இருந்தாலே போதும், எனக்கு என் மெழுகுதிரி கிடைத்திருக்கும். ஆனால் பாலத்தின் முதல் பலகையில் அவன் கால் வைத்ததும் எனக்கு எல்லாம் மறந்து போனது. இவன் தப்ப வேண்டும். ஆண்டவரே, இந்த ஒருதரம் இவன் தப்ப வேண்டும். என் வாழ்க்கையில் எதையும் நான் அப்படி விரும்பியதில்லை. விரல் வியர்த்து வழுக்கியது. அம்மா பின்னால் நின்று என் தோளைப் பிடித்திருந்தார். "கிறுகு மனே, கிறுகு, ஓடு" என்றார். நானும் கத்தினேன். பாதிப் பாலம் போனான். மறித்தவர்களில் ஒருவனைத் தள்ளி விழுத்தினான். இன்னொருவன் பின்னால் வந்ததை நான் காணவில்லை. நரைத்த தலையோடு அவன் முழங்காலில் விழுந்தான், பிறகு குப்புற விழுந்தான். திரை கறுத்தது.

என் தோளில் இருந்த கை எடுபட்டது. திரும்பிப் பார்க்க எனக்குத் தைரியம் இல்லை.

பிறகு டிவியில் வெளிச்சம் வந்தது. குடிசை. கட்டில். அவன் எழும்பி உட்கார்ந்தான். கால் இரண்டையும் கீழே வைத்து, எழும்பி நின்றான்.

"எங்க எழும்பியிரிக்கான்?" என்று அம்மா கேட்டார்.

"கடைசியாப் படுத்த கட்டில்ல."

"செத்தா அங்கதான் எழும்புவானா?"

"ஓம் அம்மா. கடைசியா எங்க படுத்தானோ அங்க."

அம்மா மெதுவாகத் திரும்பிச் சுவரோடு கிடந்த கட்டிலைப் பார்த்தார். விரிப்பில் ஒரு சுருக்கமும் இல்லை. நிறைய நேரம் பார்த்தார். இப்போது உடையப் போகிறார், பிடிக்க வேண்டும் என்று நான் எழும்பினேன்.

"அப்ப நம்மட மனே சாகல்ல" என்றார். "செத்திரிந்தா இந்தக் கட்டில்லதான எழும்பியிரிப்பான்."

சொல்லிவிட்டு, நிம்மதியாகத் தேத்தண்ணி வைக்கப் போனார்.

ஆனால் சொன்ன சொல் மாறவில்லை. அடுத்த நாள் பின்னேரம் சேமக்காலையில், அப்பாவின் கல்லறையில் மெழுகுதிரி வைத்துச் செபம் சொல்லி முடிந்ததும், "போ, உன்ட சிலுவைக்குப் போ. நான் இஞ்ச நிக்கிறன்" என்றார். நான் போனேன். சிலுவையடியில் மற்றவர்களின் மெழுகுதிரிகள் வாவிக் காற்றுக்குச் சாய்ந்து எரிந்தன. எனக்குப் பக்கத்தில் ஒரு மனுசி முழங்காலில் நின்று அழுதுகொண்டிருந்தார். இவ்வளவு வருசம் கேட்ட இடம் எனக்குக் கிடைத்திருந்தது. நெருப்புப்பெட்டியை எடுத்தேன். குச்சியை உரசினேன். அது விரல்வரைக்கும் எரிந்து அணைந்தது. இன்னொன்றை உரசினேன். எனக்குச் சிலுவை தெரியவில்லை, அந்த விரிப்பில் சுருக்கம் இல்லாத கட்டில்தான் தெரிந்தது. மெழுகுதிரியைக் கைப்பைக்குள் வைத்துக்கொண்டு திரும்பி வந்தேன்.

அந்த மெழுகுதிரி இப்போது டிவிக்குக் கீழே கிடக்கிறது, கரண்ட் போனால் கொளுத்தலாம் என்று. இந்த மாரி மழைக்குக் கரண்ட் எத்தனையோ தரம் போய்விட்டது. நான் அதைக் கொளுத்துவதில்லை. தடவித் தடவிப் போய்க் கருவியைக் கழற்றி, அவன் இருக்கிறானா என்றுதான் முதலில் பார்க்கிறேன். பிறகு அந்தச் சின்ன வெளிச்சத்தை உயர்த்திப் பிடித்துக் கட்டிலையும் பார்க்கிறேன்.