வெள்ளிமலையில் நீலமாகிப்போன சுவர்

புதுசைப் பழசாக்குவதுதான் சினிமா ஆர்ட் டிபார்ட்மெண்டில் என் பிழைப்பு. டீ டிகாஷனைத் தெளித்து, அடுப்புக்கரியைத் தேய்த்தால், நேற்று அடித்த பலகைக்கு ஒரே மத்தியானத்தில் கிழட்டு வயசு வந்துவிடும். வெள்ளிமலையில்தான் அந்த வேலையே வைக்காத சுவர் ஒன்று கிடைத்தது. காரை பெயர்ந்து, பாசி படர்ந்து, ஜன்னலுக்குக் கீழே படுத்த ஆடு மாதிரி ஒரு கறை. ஹீரோ அதில் சாய்ந்து பாதி அழுதார், வெளிச்சம் போய்விட்டது. மீதி அழுகை நாளைக்கு.

"சுவர் அப்படியே இருக்கணும். மாறிச்சுன்னா நீ கள்ளக்குறிச்சி பஸ்ல ஏறிடு" என்று என்னிடம் சொல்லிவிட்டு டைரக்டர் மலையிறங்கினார்.

காலையில் போனால் சுவர் நீலமாக இருந்தது. வானம்கூட அன்றைக்கு அவ்வளவு நீலமில்லை. வீட்டுக்கார அம்மா கையில் பிரஷ், மூக்கில் ஒரு சொட்டு நீலம், முகமெல்லாம் சிரிப்பு.

"இன்னாம்மா பண்ணி வெச்சிருக்கீங்க?"

"சினிமால வருதுல்ல? நைனார்பாளையத்துல பொண்ணு குடுத்திருக்கேன். இவ்ளோ அழுக்கு வூட்லயா பொண்ணு எடுத்தோம்னு சம்பந்தி வூட்ல பேசமாட்டாங்களா?"

டைரக்டரின் ஜீப் கீழே வளைவுகளில் ஏறிக்கினு இருந்தது. வாசல் பக்கத்து நீலத்தைத் தொடமாட்டேன், கேமரா பார்க்கிற ஜன்னல் பக்கத்தை மட்டும் கொடுங்கள் என்று கெஞ்சினேன். முறைத்தபடியே நகர்ந்தார். கம்பி பிரஷ்ஷால் சுரண்டினேன். அவர் வீட்டு டீத்தூள், அவர் அடுப்புக்கரி, பாசிக்கு என் பச்சைப் பொடி. செல்போனில் நேற்றைய படத்தைப் பார்த்துப் பார்த்து ஆட்டைப் படுக்க வைத்தேன்.

"ஆடா அது? நாய் மாதிரி கீது" என்றார் பின்னாலிருந்து.

டைரக்டர் வந்தார். சுவரை வெகுநேரம் பார்த்தார். கரி படிந்த கைகளை முதுகுக்குப் பின்னால் ஒளித்துக்கொண்டேன்.

"பாத்தியா, இதான் நெஜம். உங்க டிபார்ட்மெண்டு ஏழு ஜென்மம் எடுத்தாலும் இது வராது."

"வராது சார்." ஹீரோவிடம், "ரொம்ப சாயாதீங்க சார், பாசி வழுக்கும்" என்றேன்.

ஷாட் முடிந்தது. அப்போதுதான் அந்த அம்மா வாயைத் திறந்தார். "சார், இந்த சுவத்தப் பத்தி ஒண்ணு சொல்லட்டுங்களா?" என் காதில் கள்ளக்குறிச்சி பஸ்ஸின் ஹாரன் கேட்டது. என்னையே பார்த்துக்கொண்டு, நிதானமாகச் சொன்னார்: "வாசப்பக்கமும் நல்லாருக்கும். அதையும் எடுங்க."

டைரக்டர் என் பக்கம் திரும்பினார்.

"பிரமாதமான பக்கம் சார்" என்றேன், கேள்வி வருவதற்கு முன்பே.

படத்தைக் கள்ளக்குறிச்சி தியேட்டரில் பார்த்தேன். அழுகைக் காட்சியை முழுக்க வெட்டிவிட்டார்கள். என் ஆடு போயே போய்விட்டது. பாட்டுக்கு நடுவே கண்ணிமைக்கிற நேரம் நீலச்சுவர், அதன் முன்னால் பட்டுப்புடவையில் அந்த அம்மா.

மறுநாள் போன் செய்தார். "சம்பந்தி வூட்லயும் அதே நீலம் அடிக்கப் போறாங்களாம். கலர் பேரு கேட்டாங்க. நீ சொன்ன கலருன்னு சொல்லிட்டேன், அவங்க கேட்டா சமாளிச்சிக்க."