மாமாவைப் பார்க்க வந்தவர்கள்

மாமா குடிக்கிறார் என்பது எங்கள் கட்டடத்துக்கே தெரிந்திருந்தது. எனக்கு மட்டும் அதை ஜுரம் என்று சொல்லியிருந்தார்கள். எழுபதுகளின் நடுவில், குவைத்தில், அம்மாவின் தம்பியான அவர் எங்களோடுதான் இருந்தார். எங்கோ திருட்டுத்தனமாகக் காய்ச்சியதைக் குடித்துவிட்டு வேலை சைட்டில் மயங்கி விழுந்த பிறகு, ஊருக்கு அனுப்பிவிடலாம் என்றார் அப்பா.

"அங்கே அவனை யார் பார்த்துப்பா? விழுந்த இடத்துலயே எழுந்திருக்கட்டும்," என்று அம்மா மறுத்துவிட்டாள்.

அதன் பிறகுதான் அந்த இருவரும் வரத் தொடங்கினார்கள். ஒருவர் துணிக்கடை வைத்திருந்த கீழக்கரைக்காரர். அவரை எல்லாரும் 'காக்கா' என்றார்கள். அவர்கள் ஊரில் அண்ணனை அப்படித்தான் கூப்பிடுவார்களாம். மற்றவர் தொழிலாளர் கேம்ப்பில் தங்கியிருந்த மலையாளி டிரைவர். இருவருமே ஒரு காலத்தில் குடியில் விழுந்து எழுந்தவர்கள். டூட்டி முடிந்ததும் வந்து மாமாவின் பாயருகே உட்காருவார்கள். அவர் கை நடுங்கினால் டம்ளரைப் பிடித்துக்கொள்வார்கள். ஆத்திரத்தில் திட்டினால் சிரிப்பார்கள். எனக்கு ஜுரம் வந்தபோது இப்படி யாரும் வரவில்லையே என்று எனக்குப் பொறாமையாக இருந்தது.

ஒரு வெள்ளிக்கிழமை எதிர் ஃபிளாட்டுக்காரர் இன்னும் சிலரைக் கூட்டிக்கொண்டு வாசலில் வந்து நின்றார்.

"பேமிலி இருக்கிற பில்டிங் சார் இது. கேம்ப் ஆளுங்க, குடிகாரங்க எல்லாம் வந்து போனா எப்படி? உங்க விசாவுக்குப் பொறுப்பான கஃபீல் காதுக்குப் போனா உங்க வேலைக்கே ஆபத்து."

அப்பா தரையைப் பார்த்தார். அம்மா பாதி திறந்திருந்த கதவை அகலமாகத் திறந்தாள். "வருவாங்க. நாளைக்கும் வருவாங்க. யார்கிட்ட வேணா போய்ச் சொல்லிக்கோங்க."

உள்ளேயிருந்து மாமா சுவரைப் பிடித்துக்கொண்டே வந்தார்.

"குடிகாரன் நான்தான் சார், அவங்க இல்ல. உங்கள்ல ஒருத்தர் வந்து என் பக்கத்துல உட்காருங்க. அவங்களை வரவேண்டாம்னு சொல்லிடறேன்."

யாரும் உள்ளே வரவில்லை. படியிறங்கும் செருப்புச் சத்தம்தான் கேட்டது. வாசலில் நின்றுகொண்டிருந்த அப்பா, போய் மாமாவின் பாயில் உட்கார்ந்தார்.

மாமா தேறி வேலைக்குப் போன பிறகும் காக்கா வருவது நிற்கவில்லை. "மாமாவுக்குத்தான் சரியாயிடுச்சே, இன்னும் ஏன் வர்றீங்க?" என்று அவரிடமே கேட்டேன்.

"அவருக்காகவா வாறேன்? எனக்காகத்தான் வாறேன் புள்ளே," என்றார்.

அப்போது அவர் கையில் அம்மா போட்ட வெங்காய பஜ்ஜி இருந்தது. அதைத்தான் சொல்கிறார் என்று வெகுகாலம் நினைத்துக்கொண்டிருந்தேன்.