லிஃப்ட் மெக்கானிக்கின் செர்ரித் தோப்பு

மாமாவுக்கு ஒரு இடம் காலியாக இருந்தால் கை அரிக்கும். அக்காவைக் கட்டிக்கொண்டு இந்த வீட்டுக்கு அவர் குடிவந்தபோது இருந்த சுவர்களில் பாதியை இப்போது பார்க்க முடியாது. கதவுக்கு மேலே பலகை, பலகைக்கு மேலே டப்பா, டப்பாவுக்கு மேலே அதைவிடச் சின்ன டப்பா. உள்ளே பழைய பட்டன்கள், தேய்ந்த உருளைகள், இனி எந்த மாடியிலும் எரியப்போகாத எண் விளக்குகள். "ஒருநாள் தேவைப்படும்" என்பார். அந்த ஒருநாள் வழி தெரியாமல் எங்கேயோ சுற்றிக்கொண்டிருக்கிறது.

ஹாலில் சோபாவுக்கு மேலே இருக்கும் சுவர் மட்டும் தப்பித்திருந்தது. அதன் அடியில்தான் என் படுக்கை. வேலை தேடி அக்கா வீட்டுக்கு வந்தவன், வேலை கிடைத்த பிறகும் போகாமல் இருப்பவன் நான். யாரும் போகச் சொல்லவில்லை. நானும் கேட்டுக்கொள்ளவில்லை.

மாமா லிஃப்ட் மெக்கானிக். பகல் முழுக்க மற்றவர்களின் கட்டடங்களுக்குள், ஜன்னலே இல்லாத நீண்ட இருட்டில் டார்ச்சைக் கடித்துக்கொண்டு வேலை. அக்காவுக்கு ஆஸ்பத்திரியின் ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் இரவு டியூட்டி. அவர் செருப்பைக் கழற்றும் நேரத்தில் இவள் செருப்பை மாட்டுவாள். வாசலில் அந்த ஒரு நிமிடப் பேச்சுதான் வாரநாட்களில் அவர்களுடைய தாம்பத்தியம்.

"சாப்பாடு மூடி வச்சிருக்கேன்."

"குடை எடுத்துக்கிட்டியா?"

"உங்க சட்டையில கிரீஸ். சோபாவுல சாயாதீங்க."

மிச்சத் தாம்பத்தியம் டிவியில் நடந்தது.

மாமாவின் கம்பெனி ஆண்டுவிழாக் குலுக்கலில், டிவியில் மாட்டி ஆடும் ஒரு கேம் பெட்டி விழுந்தது. "குக்கர் விழும்னு பார்த்தேன்" என்றாள் அக்கா. பெட்டியோடு ஒரே ஒரு விளையாட்டு வந்தது. சண்டை கிடையாது, துப்பாக்கி கிடையாது, தோற்கவும் முடியாது. ஒரு தீவில் கூடாரத்தோடு போய் இறங்க வேண்டும். பேசும் விலங்குகள் அக்கம்பக்கத்தில் குடியிருக்கும். மரம் வளர்த்து, பழம் பறித்து, ஆமை நடத்தும் கடையில் விற்றால் சிப்பி கிடைக்கும். அங்கே சிப்பிதான் பணம். சிப்பி சேர்த்தால் கூடாரம் வீடாகும், வீடு பெரிதாகும். ஒரு பெட்டிக்கு ஒரு தீவுதான். எத்தனை பேர் ஆடினாலும் அதே தீவில்தான் குடியிருக்க வேண்டும்.

மாமா வேலை முடிந்து வந்து ஆடுவார். தீவிலும் நம் கடிகார நேரம்தான்; அதற்குள் ஆமை கடையைச் சாத்தியிருக்கும். சாத்திய கடை வாசலில் ஒரு பெட்டி உண்டு. அதில் பழத்தைப் போட்டால் எடுத்துக்கொண்டு விலையைக் குறைத்துத் தரும். மாமா அதைத் தொடமாட்டார்.

"ஆமைன்னு நினைச்சேன். வட்டிக்கடை முதலாளி மாதிரில்ல இருக்கான்" என்று பறித்த பழங்களைக் கடை வாசலில் குவித்து வைத்துவிட்டுப் போவார். காலையில் டியூட்டி முடிந்து வரும் அக்கா, திறந்த கடையில் அதை முழு விலைக்கு விற்று, குவியல் இருந்த இடத்தில் எதையாவது விட்டுவைப்பாள். ஒருநாள் ஒரு காபிக் கோப்பை. ஒருநாள் ஒரு மீன். ஒருநாள் தவளை முகம் போட்ட தொப்பி. அன்று சாயங்காலம் திரையில் மாமாவுக்காக நடமாடும் ஆள் அந்தத் தொப்பியோடு தீவு முழுக்க நடந்தான். மாமாவும் நடை கொஞ்சம் மாறித்தான் சமையலறைக்குப் போனார்.

அந்தத் தீவில் இயற்கையாக விளைவது பேரிக்காய். அதற்கு விலை இல்லை. "உள்ளூர்க்காரனை எந்த ஊர்ல மதிச்சான்?" என்றார் மாமா. கூட வேலை பார்ப்பவரின் மகள் தீவில் செர்ரி விளைகிறது என்று தெரிந்து, இன்டர்நெட் வழியாக அங்கே விருந்தாளியாகப் போய், பை நிறையச் செர்ரியோடு திரும்பினார். வெளியூர்ப் பழத்துக்கு ஆமை அள்ளிக் கொடுக்கும். மாமாவுக்குத் தலைகால் புரியவில்லை. வந்த பழத்தை விற்காமல் அத்தனையையும் மண்ணில் புதைத்தார். முதல் தோப்பை நெருக்கி நட்டதால் ஒன்றும் வளரவில்லை. பிடுங்கி, ஒவ்வொன்றுக்கும் நாலு பக்கமும் இடைவெளி விட்டு, லிஃப்ட் தண்டவாளம் பொருத்துகிற மாதிரி நேர்கோட்டில் மறுபடி நட்டார். செர்ரி காய்த்துத் தள்ளியது.

"இப்படியே போனா மாடி கட்டிடலாம், மச்சான்."

"மாடி எதுக்கு மாமா?"

"உங்க அக்கா கடல் கடல்னு சொல்லிக்கிட்டே இருப்பாளே. மாடியில ஜன்னல் வச்சுக் குடுத்துட்டா உட்கார்ந்து பார்க்கட்டும். அவகிட்ட உளறிடாத."

"லிஃப்ட் வைப்பீங்களா?"

"ஏன்டா, உன் அக்கா படி ஏறமாட்டாளா?"

தீவின் கிழக்கு ஓரத்தில் கொஞ்சம் நிலம் இருந்தது. புல், மணல், பிறகு கடல். மரமில்லை, பூவில்லை, பெஞ்சில்லை. அக்கா காலையில் பழம் விற்று முடித்ததும் தன் ஆளை அங்கே கொண்டுபோய் நிறுத்துவாள். பிறகு ரிமோட்டை மடியில் வைத்துவிட்டு டீயை எடுத்துக்கொள்வாள். திரையில் அலை வரும், போகும். அவள் ஆள் முதுகைக் காட்டியபடி நிற்கும். டீ ஆறிப்போகும்வரை அவ்வளவுதான். போர்வைக்குள்ளிருந்து நானும் பார்ப்பேன். அவள் முகத்திலிருந்து ஆஸ்பத்திரி மெல்ல மெல்ல இறங்குவது தெரியும்.

மாமா ஒருநாளும் அதைப் பார்த்ததில்லை. காலையில் அவள் வருவதற்குள் அவர் கிளம்பியிருப்பார்; லீவு நாளில் அவர் எழுந்திருக்கும்போது அவள் தூங்கப் போயிருப்பாள்.

ஒரு லீவு நாளில், அக்கா உள்ளே தூங்கிக்கொண்டிருக்கும்போது, மாமா கிழக்கே போனார். சும்மா கிடந்த நிலத்தைக் கண்டார். "இவ்வளவு நாள் இது என் கண்ணுல படலையே" என்றார். சாயங்காலத்துக்குள் மணல்வரை செர்ரி. நான் அப்போதே வாயைத் திறந்திருக்கலாம். எனக்கு வார்த்தை எப்போதும் ஒரு பஸ் தள்ளித்தான் வரும்.

கன்றுகள் மரமாகிக் கடலை மறைத்தன. அதுவரை பொறுத்த அக்கா, அன்று காலை தன் ஆளை அங்கே கொண்டுபோனாள். மரங்களுக்கு நடுவே இப்படியும் அப்படியும் நகர்த்திப் பார்த்தாள். எங்கே நின்றாலும் இலை. டிவியை அணைத்துவிட்டு, டீயைச் சமையலறையில் நின்றபடி குடித்தாள்.

அன்று பழம் விற்கப்படவில்லை. மறுநாளும் இல்லை. கடை வாசலில் குவியல் வளர்ந்தது. மாமா அதன் பக்கத்திலேயே அன்றைய பழத்தையும் வைத்தார். அதற்கப்பால் மறுநாள் பழம். ஆமைக் கடைக்குள் போகும் வழியே அடைபட்டுவிடும் போலிருந்தது.

"என்னடா ஆச்சு உங்க அக்காவுக்கு? உடம்பு சரியில்லையா?"

"தெரியல மாமா."

"இல்ல, கோபமா? நான் என்ன செஞ்சேன்? இந்த வாரம் கிரீஸ்கூடப் படல." சட்டையை முன்னும் பின்னும் இழுத்துப் பார்த்துக்கொண்டார். "விளையாட்டு அலுத்துப்போச்சுன்னு சொல்லிடட்டும். நானும் பெட்டியைக் கட்டி மேல போட்டுடறேன்." சொல்லிவிட்டு அவர் அலமாரிக்கு மேலே பார்த்த பார்வையில், கட்டிப்போட மனமில்லாதது தெரிந்தது. வாசலில் பேசும் ஒரு நிமிடம் தவிர அவரிடம் இருந்தது அந்தக் குவியல்தான்.

காலையில் அக்காவிடம் கேட்டேன்.

"அந்த ஓரத்துல நின்னா ராத்திரி பார்த்த ரத்த டியூபெல்லாம் கண்ணைவிட்டுப் போகும்டா. அதான்."

"மாமாகிட்டச் சொல்லிடு. எடுத்துடுவார்."

"எடுப்பார். எடுத்துட்டு அங்க ஒரு பெஞ்ச் போடுவார், குடை நடுவார், விளக்கு வைப்பார். ஒண்ணுமில்லாம இருக்கட்டும்னு அவர்கிட்ட எப்படிடா கேட்கிறது? இத்தனை வருஷத்துல இந்த வீட்டுல எனக்குன்னு ஒரு சுவரை விட்டாரா?" டம்ளரைக் கழுவிக் கவிழ்த்தாள். "நீ நடுவுல போய் எதையாவது உளறி வைக்காத."

இரண்டு பேரும் என்னிடம் கேட்டுக்கொண்டது ஒன்றேதான். உளறாதே. நானும் அதில் கெட்டிக்காரன்.

அதற்கு அடுத்த நாள் மாமா கத்திக்கொண்டே வந்தார். மாடிப்படியில் கால் வைத்ததிலிருந்தே குரல் கேட்டது.

"மூளை இருக்கா அவனுங்களுக்கு? லிஃப்ட் குழிக்குள்ள உடைஞ்ச நாற்காலி! பழைய பேனர்! பெயின்ட் டப்பா! அத்தனையையும் கொண்டுவந்து அடைச்சு வச்சிருக்கான். கேட்டா, காலியாத்தானே சார் கிடந்துச்சுங்கறான்!"

அக்கா கண்ணாடி முன்னால் தலைமுடியைக் கட்டிக்கொண்டிருந்தாள். "குழின்னா, அடியில இருக்குமே அதுவா?"

"அதேதான். அது வீணாக் கிடக்கிற இடமா? கீழ ஒருத்தன் வேலை பார்க்கும்போது தப்பித்தவறி லிஃப்ட் வண்டி இறங்கிடுச்சுன்னா, அவன் ஒடுங்கி உட்கார்ந்து மூச்சு விடுறதுக்குன்னே விட்ட இடம். அது காலியா இருக்கணும்னுதான் கட்டியிருக்கு. அதைப் போய் அடைப்பானா ஒருத்தன்?"

"அடைக்கலாமா?" என்றாள் அக்கா. "ஒருத்தர் மூச்சு விடுற இடம்."

"அதைத்தானே நானும் சொல்றேன்!"

"நல்லாச் சொன்னீங்க."

பையை எடுத்துக்கொண்டு, செருப்பை மாட்டிக்கொண்டு போய்விட்டாள். அன்று சாப்பாடு, குடை, கிரீஸ், எந்தப் பேச்சும் இல்லை. மாமா ஒரு காலில் செருப்போடு நின்றார். வாசலைப் பார்த்தார். டிவியைப் பார்த்தார். கடைசியில் என்னைப் பார்த்தார். நான் தலையணை உறையின் நூலைப் பிரித்துக்கொண்டிருந்தேன்.

கை கழுவாமலே கேம் பெட்டியைப் போட்டார். அவருடைய ஆள் நேராகக் கிழக்கே, கடைசியாக அடைத்த இடத்துக்குப் போனான். மரங்களுக்கு நடுவில் நின்றான். அக்கா நகர்த்தியதைப் போலவே அவரும் இப்படியும் அப்படியும் நகர்த்தினார்.

"இங்க வந்துதான் நிப்பாளா?"

நான் தலையாட்டினேன்.

"எவ்வளவு நேரம்?"

"டீ ஆறுற வரைக்கும்."

"உனக்குத் தெரிஞ்சும் சும்மாவா இருந்த? நல்ல மச்சான்டா நீ."

அந்த விளையாட்டில் வளர்ந்த மரத்தை அடிக்கட்டை மிஞ்சாமல் வேரோடு பெயர்க்க வேண்டுமென்றால் உடம்பில் பலம் வேண்டும். பலத்துக்குப் பழம் தின்ன வேண்டும். ஒரு மரத்துக்கு ஒரு பழம். மாமா கடை வாசலுக்குப் போய், விற்காமல் கிடந்த செர்ரியை அள்ளிக்கொண்டு வந்தார். அவர் ஆள் ஒரு பழத்தைத் தின்றான், ஒரு மரத்தைப் பெயர்த்தான். மறுபடி ஒன்றைத் தின்றான். மெல்லும் சத்தம் ஹாலில் கேட்டுக்கொண்டே இருந்தது.

"மாடியைத் தின்னுக்கிட்டிருக்கான் பாரு" என்றார் மாமா.

பெயர்த்த மரங்களை நட வேறு இடமில்லை. தீவையே அவர் நிரப்பியிருந்தார். ஒவ்வொன்றையும் கோடரியால் துண்டாக்கினார். ஒவ்வொரு மரம் துண்டாகும்போதும் "ச்சு" என்றார். நான் படுத்தபோதும் அது முடிந்திருக்கவில்லை.

காலையில் அக்கா வந்தாள். பெட்டியைப் போடாமல் டீயோடு சமையலறைக்குத் திரும்பப் போனவளை, போர்வைக்குள்ளிருந்து, "ஒருதரம் போட்டுப் பாருக்கா" என்றேன்.

போட்டாள். கிழக்கே போனாள். புல், மணல், கடல். நட்டதன் தடம்கூட இல்லை. பெஞ்ச் இல்லை, குடை இல்லை, விளக்கும் இல்லை. இடப்பக்கத்து மூலையில், கடலை மறைக்காத தூரத்தில், ஒரே ஒரு செர்ரி மரம் மட்டும், வகுப்பில் வெளியே நிறுத்தப்பட்டவன் மாதிரி நின்றது.

அக்கா பார்த்துக்கொண்டே இருந்தாள். பிறகு டீ சிந்தும்படிச் சிரித்தாள்.

"மனசு வரல பாருடா அவருக்கு! ஒண்ணை விட்டு வச்சிருக்கார்!"

"எடுத்துடு."

"இருக்கட்டும் போ. அவரும் வந்து எங்க நிப்பார்?"

அன்று டீ நன்றாக ஆறியது. பிறகு கடைக்குப் போய், தின்றதுபோக மிஞ்சியிருந்த கொஞ்சம் செர்ரியை விற்றாள். இடம் துடைத்ததுபோல் ஆன கடை வாசலில் எதை வைப்பதென்று பைக்குள் வெகுநேரம் தேடினாள். கடைசியில் எதையும் வைக்கவில்லை.

சாயங்காலம் மாமா அதைத்தான் முதலில் போய்ப் பார்த்தார். குவியலும் இல்லை, தொப்பியும் இல்லை. வெறும் தரை.

"வித்துட்டா" என்றார் நிம்மதியாக. அந்தத் தரையில் அன்றைய பழத்தை வைக்கப் போனவர், நின்று, கொஞ்சம் தள்ளி வைத்தார்.

மாடி இன்னும் கட்டி முடியவில்லை. கட்டும்வரை அக்காவிடம் சொல்லக்கூடாது என்ற உத்தரவும் அப்படியே இருக்கிறது.

போன லீவு நாளில் டிரில் மெஷினையும் ஒரு பலகையையும் தூக்கிக்கொண்டு மாமா ஹாலுக்கு வந்தார். சோபாவுக்கு மேலே இருந்த சுவரைத் தட்டிப் பார்த்தார். பென்சிலால் புள்ளி வைக்கப் போனவர், கையை இறக்கிக்கொண்டு உள்ளே பார்த்துக் குரல் கொடுத்தார்.

"ஏம்மா, இந்தச் சுவர் உனக்கு வேணுமா?"

இத்தனை வருடத்தில் அவர் ஒரு சுவரைப் பற்றிக் கேட்டு நான் பார்த்ததில்லை. அக்காவும் பார்த்திருக்க மாட்டாள். பாத்திரச் சத்தம் நின்றது. ஈரக்கையோடு வந்து, சுவரைப் பார்த்தாள், பலகையைப் பார்த்தாள், அதற்குக் கீழே உட்கார்ந்திருந்த என்னையும் பார்த்தாள்.

"அது என் தம்பி சுவருங்க. அவன் ஒண்ணும் சொல்லமாட்டான். நீங்க அடிங்க."