பதினாறு முடிச்சு

அமலாவின் விரல்கள் மரத்துப்போய் ஆறு மாதமாகிவிட்டது. அது அவளுக்கும் விழுப்புரத்தில் ஒரு டாக்டருக்கும் மட்டும்தான் தெரியும். சர்க்கரை வியாதி, நரம்பு போய்விட்டது, மாத்திரையைப் போட்டுக்கொண்டு கவனமாக இருங்கள் என்று சொல்லி அனுப்பிவிட்டார். கவனமாக இருப்பதாம்! கொதிக்கிற சோற்றில் வைத்தாலும் உறைக்காத விரலை வைத்துக்கொண்டு என்னத்தைக் கவனிப்பது? அதிலும் அவள் பார்க்கும் வேலை, சர்க்கஸில் வலை கட்டுவது.

அந்தரத்தில் தொங்கும் பாரில் ஆடுகிறவர்களுக்குக் கீழே விரிக்கும் வலை அது. சுற்றிலும் பதினாறு முளை, பதினாறு முடிச்சு. மேலே நாற்பதடி உயரத்தில் ஆடுகிறவள் ஆர்த்தி, அமலாவின் ஒரே மகள்.

அப்பாதுரை சர்க்கஸில் அதுதான் சட்டம். அறுபது வருஷத்துக்கு முன்னால் கண்டாச்சிபுரத்தில் கூலிக்கு வந்தவன் ஒருவன் ஏனோதானோவென்று முடிச்சுப் போட்டுவிட்டான். சர்க்கஸைத் தொடங்கிய அப்பாதுரையின் தங்கை, வலை இருந்தும் தரையில் விழுந்து செத்தாள். அன்றைக்கே அப்பாதுரை சொல்லிவிட்டார், வலை கட்டுகிறவர் பெற்ற பிள்ளைதான் மேலே ஏற வேண்டும் என்று. தலைவலியும் காய்ச்சலும் தனக்கு வந்தால்தானே தெரியும்? ஏறுகிறவர் மட்டும் ஆட்டத்துக்கு முன்னால் வலையைத் தொடக்கூடாது. தொட்டால் வலை கீழே விழக் கூப்பிடும் என்பார்கள். வளவனூரிலிருந்து அந்தக் குடும்பத்துக்கு மருமகளாக வந்த அமலா, புருஷன் போன பிறகு ஏழு வருஷமாகக் கட்டுகிறாள். ஒரு முடிச்சுகூட நழுவியதில்லை.

விழுப்புரத்தில் கடைசி ஆட்டம் முடிந்து வலையைப் பிரிக்கும்போது பதினோராவது முடிச்சு தொட்டதும் கழன்று வந்தது. இழுக்கக்கூட இல்லை. மாதாவே! ஆர்த்தி ஆட்டத்தின் முடிவில் மேலேயிருந்து குட்டிக்கரணம் போட்டு வலையில் குதிப்பாள். சற்றுமுன் குதித்தும் இருந்தாள்.  அமலா அப்படியே மண்ணில் உட்கார்ந்துவிட்டாள். மகள் வந்து கேட்டதற்குத் தலைசுற்றல் என்று சொல்லி மழுப்பினாள்.

அடுத்த ஊர் திண்டிவனம். போகும்வரை லாரியில் அதையே நினைத்துக்கொண்டு வந்தாள். சொன்னால் தன் வேலை போகும், மகளும் பாரிலிருந்து இறங்கவேண்டும். அந்தப் பெண்ணுக்கு வேறென்ன தெரியும்? சொல்லாவிட்டால் மகளே போய்விடுவாள்.

முதல் ஆட்டத்துக்கு ஒரு மணி நேரம் இருக்கும்போது கண்ணையனிடம் போய் நின்றாள். அவர் அப்பாதுரையின் மூத்த மகன், இப்போது முதலாளி, அவளுக்குப் புருஷனின் அண்ணன்.

"மாமா, எனக்கு விரலு மரத்துப்பூடுச்சு. முடிச்சு இறுகுச்சா இல்லியான்னே தெரியல. இன்னிக்கு நீங்க கட்டுங்க."

அவர் கட்டினால் சட்டப்படி அவர் மகன் வல்லரசு ஏறவேண்டும். அவனும் பார் ஆடத் தெரிந்தவன்தான். கண்ணையன் தன் செருப்பைப் பார்த்துக்கொண்டே சொன்னார்.

"அவனுக்கு வர்ற வெள்ளிக்கிழமை நிச்சயதார்த்தம்மா. கை கால் போச்சுன்னா யாரு பொண்ணு குடுப்பாங்க? நீயே பாத்துக் கட்டு. இத்தினி நாளா ஒண்ணும் ஆவலியே."

என் மகளுக்கு மட்டும் கைகாலை இரும்பிலா செய்திருக்கிறது என்று கேட்க நாக்கு துடித்தது.  பயத்தில் செத்துக்கொண்டிருப்பவளுக்குக் கோபப்பட ஏது நேரம்? ஆர்த்தியிடம் ஓடினாள். பவுடர் பூசிக்கொண்டிருந்தவளிடம் இன்றைக்கு ஏறாதே என்றாள். அவள் சிரித்தாள்.

"நீ கட்டுற வலைம்மா. எனக்கின்னா பயம்?"

 உண்மையைச் சொன்னாலும் இந்தப் பிடிவாதக்காரி ஏறத்தான் போகிறாள். பயத்தோடு ஏறினால் கை பாரைத் தவறவிடும்.

அமலா திரும்பி வந்து பதினாறு முடிச்சையும் போட்டாள். பிறகு முதல் முளையருகே மண்டியிட்டு, முடிச்சைப் பல்லால் கவ்வி இழுத்துப் பார்த்தாள். விரல்தானே மரத்தது, பல்லும் உதடும் இருக்கின்றனவே! நான்காவது முடிச்சு பல்லோடு இளகி வந்தது.  அவிழ்த்துப் போட்டுப் பல்லாலேயே இறுக்கினாள். எட்டாவதில் வாயெல்லாம் ரத்தம் உப்புக்கரித்தது.

அதற்குள் வாசலைத் திறந்துவிட்டார்கள். ஒரு பொம்பளை நாலு காலில் தவழ்ந்து கயிற்றைக் கடித்துக்கொண்டே போவதைப் பார்த்ததும் முன்வரிசைப் பிள்ளைகள் கைதட்டின. பபூன் என்று நினைத்துவிட்டார்கள். விசில் பறந்தது. கூடாரமே சிரித்தது. அமலா நிமிரவில்லை, எண்ணிக்கை தவறிவிடுமோ என்று அவளுக்குப் பயம். பதின்மூன்று. பதினான்கு.

ஆர்த்தி குதித்தபோது அமலா கண்ணை இறுக மூடிக்கொண்டாள். ஜனங்களின் கைதட்டலைக் கேட்டுத்தான் மகள் பிழைத்தாள் என்று தெரிந்துகொண்டாள்.

ஆட்டம் முடிந்ததும் கண்ணையன் முகமெல்லாம் சிரிப்பாக வந்தார்.

"ஜனம் அப்படிச் சிரிச்சுதும்மா. நாளைக்கு மூஞ்சில கொஞ்சம் வெள்ளை பூசிக்கினு பண்ணு."

அமலா சரிங்க மாமா என்றாள். நல்லதாய்ப் போயிற்று. அத்தனை பேர் முன்னாலும் பதினாறையும் கடித்துப் பார்க்கலாம், ஏன் என்று ஒருவரும் கேட்கமாட்டார்கள். நாளைக்கு மூன்று ஆட்டம். அவள் பற்களை நாக்கால் ஒவ்வொன்றாகத் தடவிப் பார்த்தாள். முன்பல் ஒன்று ஆடியது.