துறைமுகச் சாலையில் ஒரு துப்பாக்கி

கோவையிலிருந்து எட்டு மணி நேரம் பஸ்ஸில் குலுங்கி, தூத்துக்குடித் துறைமுகச் சாலையில் ஓர் உப்பு வியாபாரியின் ஆபீசில் உட்கார்ந்திருக்கிறேன். அவருடைய அப்பா ராணுவ ஏலத்தில் எடுத்த பழைய ரைஃபிள் விலைக்கு வருகிறது. ஒவ்வொரு குண்டுக்கும் கையால் போல்ட்டை இழுத்துச் சுடும் ரகம். பழைய பட்டாளத்துத் துப்பாக்கிகளைச் சேகரிப்பவன் நான். சட்டம் இரண்டுக்கு மேல் விடாது; என் மாபெரும் சேகரிப்பில் இப்போதைக்கு ஒன்றுதான் இருக்கிறது.

வெளியே உப்பு லாரிகள் புழுதி கிளப்புகின்றன. உள்ளே சுவரில் இரண்டு ஆணிகள் மட்டும் நீட்டிக்கொண்டிருக்கின்றன.

"துப்பாக்கி எங்க அண்ணாச்சி?"

"போலீஸ் ஸ்டேஷன்ல இருக்கு. எலெக்‌ஷன் வருதுல்லா? லைசென்ஸ் துப்பாக்கியெல்லாம் கொண்டுபோய்க் குடுத்திரணும். ரிசல்ட் வந்த பொறவுதான் திருப்பித் தருவாவ."

"போன்ல ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே!" என்று எகிறுகிறேன்.

அண்ணாச்சி அசரவில்லை. டீ கிளாசை என் பக்கம் நகர்த்துகிறார். "ஒங்ககிட்ட ஒண்ணு இருக்குன்னு பெருமையாச் சொன்னியளே, அது இப்ப எங்கன இருக்கு?"

நான் டீயை ஊதி ஊதிக் குடிக்கிறேன். முந்தாநாள் அதைக் கோவை ஸ்டேஷனில் ஒப்படைத்து வாங்கிய ரசீது, என் சட்டைப்பையில் பஸ் டிக்கெட்டோடு சேர்ந்து மடங்கிக் கிடக்கிறது.